அடுத்த அறையில் இருந்தவர்கள்

தொண்ணூறு நிமிடம், ஒரே முகம். ஆந்த்ரே ஹெல்லரும் ஒட்மார் ஷ்மிடரரும் இயக்கிய ‘இம் டோட்டன் விங்கல்’ என்ற ஆஸ்திரிய ஆவணப்படத்தில் வேறெதுவும் இல்லை. பழைய செய்திப்படத் துணுக்குகள் இல்லை, இசை இல்லை, அணிவகுப்போ ஸ்வஸ்திகாக் கொடியோ இல்லை. எண்பதைக் கடந்த ட்ரவுடல் யுங்கே ம்யூனிக்கில் தன் வீட்டில் உட்கார்ந்து பேசுகிறார். 1942இன் இறுதியிலிருந்து 1945 ஏப்ரல் 30 வரை ஹிட்லரின் செயலாளர்களில் ஒருவராக இருந்தவர் அவர். 2002 பிப்ரவரியில் படம் பெர்லின் திரைப்பட விழாவில் காட்டப்பட்ட அதே நாட்களில் இறந்துபோனார். தலைப்பைத் தமிழில் ‘பார்வை படாத கோணத்தில்’ என்று சொல்லலாம். வண்டி ஓட்டுகிறவர்களுக்கு இது பழகிய விஷயம்: கண்ணாடியில் தெரியாத, ஆனால் நமக்கு மிக அருகில் இருக்கிற இடம்.

இந்தப் படத்தைப் பற்றியும், யுங்கே மெலிசா முல்லருடன் சேர்ந்து அதே ஆண்டில் வெளியிட்ட நினைவுக்குறிப்பைப் பற்றியும், இவ்விரண்டிலிருந்தும் எடுத்துக்கொண்ட ‘டவுன்ஃபால்’ என்ற 2004ஆம் ஆண்டுத் திரைப்படத்தைப் பற்றியும் ஏராளமாக எழுதியிருக்கிறார்கள். பெரும்பாலான எழுத்து ஒரே கேள்வியில் நின்றுவிடுகிறது: அவருக்குத் தெரியுமா, தெரியாதா? குற்றவாளியா, அப்பாவியா? இது நீதிமன்றக் கேள்வி. தேவையான கேள்விதான். ஆனால் ஒரு பெண்ணிய வாசகி அதற்கு முன்பாக இன்னொன்றைக் கேட்டாக வேண்டும் என்று நினைக்கிறேன். அந்த வீட்டில் இந்தப் பெண்கள் என்ன வேலை செய்தார்கள்? அந்த வேலை எதை உண்டாக்கியது?

*

யுங்கேயின் கதை சாதாரணமானது. 1920இல் ம்யூனிக்கில் பிறந்தவர். தந்தை குடும்பத்தை விட்டுப் போய்விட்டார். கண்டிப்பான தாத்தாவின் வீட்டில் தாயோடு வளர்ந்தார். நடனக் கலைஞராக விரும்பினார், முடியவில்லை. டைப்ரைட்டிங்கும் சுருக்கெழுத்தும் தெரிந்திருந்தன. 22 வயதில், கிழக்குப் பிரஷ்யாவின் ராஸ்டன்பர்க் காட்டில் ‘ஓநாய்க் குகை’ என்று பெயரிடப்பட்ட தலைமையகத்தில் அவருக்குத் தேர்வு நடந்தது. பயத்தில் பிழையாகத் தட்டச்சு செய்தவரிடம் ஹிட்லர் பொறுமையாக நடந்துகொண்டான். தந்தையில்லாத பெண்ணுக்குத் தந்தை கிடைத்தார் என்பது பிறகு அவரே தன்னைப் பற்றிச் சொல்லிக்கொண்ட விளக்கம்.

அதன்பிறகு அவர் விவரிக்கிற அன்றாடத்தை உன்னிப்பாகப் பாருங்கள். தட்டச்சு வேலை அப்படியொன்றும் அதிகமில்லை. உடன் உட்கார்ந்து சாப்பிடுவதும், நள்ளிரவு தாண்டித் தேநீரும் கேக்குமாக விடியும்வரை பேச்சைக் கேட்டுக்கொண்டிருப்பதும்தான் வேலையின் பெரும்பகுதி. செயலாளர்கள் முறைவைத்துக்கொண்டு உடனிருந்தார்கள். அந்த மேசையில் போர் பேசப்படாது. நாய்க்குக் கற்றுக்கொடுத்த வித்தைகள், பழைய வியன்னா நாட்கள், இசை, சைவ உணவின் மேன்மை இவையே பேச்சு. கொய்த பூக்களை அறையில் வைப்பது ஹிட்லருக்குப் பிடிக்காதாம். செத்தவை தன்னைச் சுற்றி இருக்கக்கூடாது என்பதுதான் காரணம். யுங்கே இதைச் சொல்லும்போது குரலை உயர்த்துவதில்லை. உயர்த்தத் தேவையுமில்லை.

இப்படிக் கூடவே இருப்பதும், முகம் கோணாமல் கேட்பதும், பேச்சு சங்கடமான இடத்துக்குப் போகாமல் பார்த்துக்கொள்வதும் உழைப்பு என்று நமக்குத் தெரியும். மனைவி என்றும் மகள் என்றும் மருமகள் என்றும் பெயர் சொல்லி நம்மிடம் கூலியில்லாமல் வாங்கப்படுகிற உழைப்பு இது. அந்த வீட்டில் இதற்குச் சம்பளம் இருந்தது, அவ்வளவுதான் வேறுபாடு. இதன் விளைபொருள் ஒரு மனிதன்: கனிவான, நகைச்சுவையுள்ள, நாயைக் கொஞ்சுகிற ஒருவன். பகலில் ஆணைகளில் கையெழுத்திட்டவன் இரவில் அந்த மனிதனாகத் தன்னைப் பார்த்துக்கொள்ள ஒரு கண்ணாடி தேவைப்பட்டது. பெண்கள் கண்ணாடியாக இருந்தார்கள்.

வரலாற்றாய்வாளர் கிளாடியா கூன்ஸ் 1987இல் வெளியிட்ட நூலில் நாஜி ஜெர்மனியின் பெண்களைப் பற்றி இதையொட்டிய ஒரு வாதத்தை வைத்தார். கொலைக்களத்திலிருந்து வீடு திரும்புகிறவனுக்குக் குழந்தைகளும் சூடான சாப்பாடும் துவைத்த சட்டையுமாக ஓர் இயல்புலகத்தை ஆயத்தமாக வைத்திருந்தது பெண்களின் பங்களிப்பு. அந்த இயல்பு இல்லாமல் அந்தக் கொலைகள் அவ்வளவு காலம் நடந்திருக்க முடியாது. கிசெலா போக் இதைக் கடுமையாக மறுத்தார். சுமார் 4 லட்சம் பேருக்குக் கட்டாயக் கருத்தடை செய்த அரசு அது, அவர்களில் ஏறத்தாழப் பாதிப்பேர் பெண்கள், தாய்மையைப் போற்றிய ஆட்சி என்று அதைச் சொல்வதே பிழை என்பது அவருடைய வாதம். பெண்ணிய வரலாற்றெழுத்தின் முக்கியமான சண்டைகளில் ஒன்று இது. இரண்டு பேரும் சொல்வது உண்மை என்பதுதான் இதன் சிக்கல். போக் பேசுகிற பெண்களும் கூன்ஸ் பேசுகிற பெண்களும் வேறுவேறானவர்கள். கருப்பை அறுக்கப்பட்டவளும் தேநீர் ஊற்றியவளும் ‘பெண்’ என்ற ஒற்றைச் சொல்லுக்குள் அடங்க மாட்டார்கள்.

*

சரி, தெரியுமா தெரியாதா?

யுங்கேயின் சாட்சியத்திலேயே அதற்கு விடை இருக்கிறது. 1943இல் பெர்க்ஹோஃப் மாளிகைக்கு விருந்தாளியாக வந்த ஹென்ரியட்டா ஃபான் ஷிராக், ஆம்ஸ்டர்டாமில் யூதப் பெண்களை ரயிலேற்றிக் கொண்டுபோவதைத் தான் பார்த்ததாக ஹிட்லரிடமே பேச்செடுத்தார். ஹிட்லர் சீறினான். அந்தப் பெண் அதன்பிறகு அழைக்கப்படவேயில்லை. யுங்கே இதை ஆவணப்படத்தில் சொல்கிறார். ஆக, அந்த மேசையில் யூதர்களைப் பற்றிய சொல் ஒருமுறையாவது விழுந்திருக்கிறது. சொன்னவளுக்கு என்ன ஆயிற்று என்பதும் எல்லோருக்கும் தெரிந்திருக்கிறது.

இன்னொன்று அதைவிட அருகில் நடந்தது. ஹிட்லருக்குப் பத்தியச் சமையல் செய்ய வியன்னாவிலிருந்து வந்திருந்த ஃபான் எக்ஸ்னர் என்ற பெண்ணின் தாய்வழியில் யூத மூதாதை இருந்தது தெரியவந்ததும் 1944இல் அவர் வேலையிலிருந்து நீக்கப்பட்டார். அவர் செயலாளர்களோடு பழகியவர், சிரித்துப் பேசியவர். இனச்சட்டம் எங்கோ போலந்தில் இருக்கவில்லை. அடுப்படிக்கே வந்து கரண்டியைப் பிடுங்கியது.

ஹிட்லரின் ரயில் ஜன்னல்திரைகளை இறக்கிக்கொண்டுதான் ஓடும் என்றும் யுங்கே சொல்கிறார். வெளியே குண்டுவீச்சில் இடிந்த நகரங்கள் கடந்துபோகும், உள்ளே விளக்கொளியில் சாப்பாடு நடக்கும். தெரியாமல் இருந்தார்கள் என்பதைவிட, தெரியாமல் இருப்பதற்கான ஏற்பாடுகளுக்குள் வேலை செய்தார்கள் என்பதே பொருத்தம். திரையை இறக்கவும் ஒரு கை வேண்டும்.

இதை இன்னும் துலக்கமாகக் காட்டுகிற சாட்சியம் கோயபல்ஸின் பிரச்சார அமைச்சகத்தில் சுருக்கெழுத்தாளராக இருந்த ப்ரூன்ஹில்ட பாம்சலுடையது. 106 வயது வாழ்ந்து 2017 ஜனவரியில் இறந்தவர். ‘எ ஜெர்மன் லைஃப்’ என்ற 2016ஆம் ஆண்டுப் படத்தில் கறுப்பு வெள்ளையில், சுருக்கங்கள் நிலப்படம்போல் விரிந்த முகத்தோடு பேசுகிறார். நாஜிகளை எதிர்த்துத் துண்டறிக்கை வெளியிட்ட ‘வெள்ளை ரோஜா’ மாணவர்களின் வழக்குக் கோப்பு ஒருநாள் அவர் கைக்கு வந்தது. பெட்டகத்தில் வை, பிரித்துப் பார்க்காதே என்றார்கள். அவர் பிரித்துப் பார்க்கவில்லை. தன்னை நம்பிக் கொடுத்தார்களே என்ற பெருமிதம் அவருக்கு. எழுபது ஆண்டுகளுக்குப் பிறகும் அந்தப் பெருமிதம் குரலில் மிச்சமிருக்கிறது.

எனக்கு இந்தக் காட்சி எந்த வதைமுகாம் காட்சிக்கும் குறையாத அச்சத்தைத் தருகிறது. பாம்சல் அங்கே செய்தது கோழைத்தனமோ வெறுப்போ இல்லை, வேலைத்திறன். நல்ல செயலாளர் பார்க்க மாட்டாள், கேட்டதை வெளியே சொல்ல மாட்டாள், கொடுத்ததைக் கொடுத்தபடி செய்வாள். பெண் குழந்தைகளுக்கு நாம் சொல்லித்தருகிற ஒழுக்கமும் இதுவேதான்: பெரியவர்கள் பேசும்போது காதைத் தீட்டாதே, உன் வேலையைப் பார். குடும்பம் கற்றுக்கொடுத்த அடக்கத்தை அலுவலகம் தகுதியாக மாற்றிக்கொள்கிறது. சர்வாதிகாரம் அதைக் கூலிகொடுத்து வாங்கிக்கொள்கிறது. டைப்ரைட்டிங் லோயரும் ஹையரும் முடித்து முதல் வேலைக்குப் போன பெண்களின் தலைமுறை நம்மிடமும் இருக்கிறது. அவர்கள் யாரும் பாம்சல் இல்லை. ஆனால் ‘நம்பிக்கையான பொண்ணு’ என்று மேலதிகாரி சொன்னபோது மனதுக்குள் ஏற்பட்ட குளிர்ச்சியை அவர்கள் அறிவார்கள்.

*

ஆட்சி சரியத் தொடங்கும்போது இந்த வீட்டுக்கு ஒரு விந்தையான மாற்றம் நேர்கிறது. அரசு சுருங்கச் சுருங்க வீடு பெரிதாகிறது. 1942இல் ஒரு கண்டத்தின் பெரும்பகுதியை ஆண்டவனிடம் 1945 ஏப்ரல் கடைசியில் மிஞ்சியது பெர்லின் தலைமையமைச்சர் மாளிகைத் தோட்டத்தின் அடியில் சில கான்கிரீட் அறைகள். தளபதிகள் சாக்குச் சொல்லிக் கிளம்பினார்கள். ஹிம்லரும் கோரிங்கும் தங்கள் பிழைப்பைப் பார்க்கத் தொடங்கினார்கள். இருந்தவர்கள் பணியாளர்கள்: சமையல்காரி, இரண்டு செயலாளர்கள், எடுபிடிகள், தொலைபேசி இயக்குநர், ஓட்டுநர்கள். ஏப்ரல் 22 அன்று பெண்களைப் பெர்லினை விட்டுப் போகச் சொன்னபோது ஈவா பிரவுன் மறுத்தார். யுங்கேயும் கெர்டா கிறிஸ்டியனும் இருப்பதாகச் சொன்னார்கள். தன் தளபதிகளுக்கு உங்கள் துணிச்சல் இருந்திருக்கக்கூடாதா என்று ஹிட்லர் அவர்களைப் பாராட்டினான். பிறகு சயனைட் குப்பியைப் பரிசாகக் கொடுத்து, இதைவிட நல்ல பரிசு தர முடியவில்லையே என்று வருந்தவும் செய்தான்.

ஒரு பேரரசின் இறுதி நாட்களில் இயங்கிய ஒரே அமைச்சகம் அடுக்களை. வேளாவேளைக்குச் சாப்பாடு வந்தது. தேநீர் வந்தது. மேலே பெர்லின் தெருக்களில் போரிட மறுத்தவர்களை விளக்குக் கம்பங்களில் தூக்கிலிட்டுக்கொண்டிருந்தார்கள். வதைமுகாம்களிலிருந்து ஓட்டிச்செல்லப்பட்ட கைதிகள் சாலையோரங்களில் விழுந்து செத்துக்கொண்டிருந்தார்கள். கீழே அட்டவணை மாறவில்லை. சிலப்பதிகாரத்தின் அழற்படு காதையில், மதுரை எரியும் வேளையில் அரண்மனைப் பணியாட்களும் மகளிரும் ஓவியத்தில் எழுதிய உருவங்களைப்போலப் பேச்சற்று இருந்த செய்தி வருகிறது. அரசன் செத்தபின் வந்த மௌனம் அது. பெர்லினில் அரசன் சாகும்வரை ஓவியம் அசைந்துகொண்டுதான் இருந்தது, தட்டுகளை ஏந்தியபடி.

ஒலிவர் ஹிர்ஷ்பீகல் இயக்கிய ‘டவுன்ஃபால்’ இந்த நாட்களைத்தான் எடுத்துக்கொள்கிறது. ப்ரூனோ கான்ஸின் நடிப்பை எல்லோரும் பேசினார்கள். படத்தைத் தாங்குவது அலெக்ஸாண்ட்ரா மரியா லாரா நடித்த யுங்கேயின் அகன்ற கண்கள். ராஸ்டன்பர்க் நேர்காணலில் தொடங்கி, அவருடைய கண்களால் பதுங்குகுழிக்குள் நாம் இறங்குகிறோம். அவர் அதிர்ந்தால் அதிர்கிறோம், அழுதால் அழுகிறோம். முடிவில் அவர் ஒரு சிறுவனின் கையைப் பிடித்துக்கொண்டு சோவியத் வீரர்களைக் கடந்து போகிறார். பிறகு மிதிவண்டி, மரங்கள், வெயில்.

அந்தச் சிறுவன் கற்பனை. உண்மையில் யுங்கே பல மாதங்கள் சோவியத் காவலில் இருந்து 1946இல்தான் ம்யூனிக் போய்ச் சேர்ந்தார். பெர்லினில் பெண்கள்மீது நடந்த பெருந்திரள் வல்லுறவுகளும் இந்தச் சட்டகத்துக்கு வெளியே விடப்பட்டிருக்கின்றன. இளம்பெண், குழந்தை, வெயில் என்ற அந்த மூன்றும் சேர்ந்து வேறொரு வேலையைச் செய்கின்றன. ஒரு தேசம் தன்னை ஏமாற்றப்பட்ட இளம்பெண்ணாகக் கற்பனை செய்துகொள்கிறது. ஆண்கள் செய்த குற்றத்திலிருந்து தேசத்தை மீட்டெடுக்கப் பெண்ணின் அப்பாவித்தனம் மறுபடியும் வேலைக்கு அமர்த்தப்படுகிறது. வீம் வெண்டர்ஸ் அப்போதே இந்தப் படத்துக்குப் பார்வைநிலை என்று ஒன்று இல்லை என எழுதினார். எனக்கு அது முழுமையான குற்றச்சாட்டாகத் தோன்றவில்லை. படத்துக்குப் பார்வைநிலை இருக்கிறது. பெண் என்பவள் சாட்சியாக மட்டுமே இருக்க முடியும், செயலுக்குரியவளாக இருக்க முடியாது என்பதே அந்த நிலை. மக்தா கோயபல்ஸ் தன் ஆறு குழந்தைகளைக் கொல்லும் காட்சி அங்கே பூதாகரமாக வருவதும் அதனால்தான். செயல்படுகிற பெண் அரக்கியாக வேண்டும், பார்க்கிற பெண் தேவதையாக வேண்டும். இடையில் தட்டச்சு செய்கிற பெண்ணுக்கு இடமில்லை.

ஆவணப்படம் இந்த வசதியைத் தரவில்லை. ஒரு கட்டத்தில் யுங்கே தான் பேசியதன் பதிவைத் தானே பார்க்கிறார். பார்த்துவிட்டுத் திருத்துகிறார், சேர்க்கிறார். எண்பது வயதில் தன்னைத் தானே பிழைதிருத்துகிற பெண்ணின் முகத்தை இவ்வளவு நேரம் திரையில் வைத்திருந்ததற்காகவே எனக்கு இந்தப் படம் பெரிது.

*

இந்த வீட்டில் எல்லோரும் சாட்சியம் விட்டுச்செல்லவில்லை. கான்ஸ்டான்ஸ மான்ட்சியார்லி, யுங்கே பிறந்த அதே 1920இல் இன்ஸ்ப்ரூக்கில் பிறந்தவர். பத்தியச் சமையல் படித்தவர். எக்ஸ்னர் போனபின் ஹிட்லரின் சமையலைப் பார்த்துக்கொண்டவர். ஏப்ரல் 30 மதியம் ஹிட்லரின் கடைசி உணவைச் சமைத்தவர் அவர். அந்த மேசையில் இரண்டு செயலாளர்களோடு உட்கார்ந்து சாப்பிட்டவரும் அவர். பதுங்குகுழியை விட்டு வெளியேறிய கூட்டத்தில் அவரும் இருந்தார். மே 2 அன்று இரண்டு சோவியத் வீரர்கள் அவரைச் சுரங்க ரயில்பாதைப் பக்கம் அழைத்துப்போனதையும், ஆவணங்களைப் பார்க்க விரும்புகிறார்கள் என்று அவர் சொல்லிப்போனதையும் யுங்கே பதிவுசெய்திருக்கிறார். பிறகு யாரும் அவரைப் பார்க்கவில்லை.

ஒரே வயது, ஒரே மேசை. ஒருவர் நினைவுக்குறிப்பானார், மற்றவர் அதில் ஒரு பத்தியானார். சுருக்கெழுத்து தெரிந்தவளுக்குக் கதை கிடைத்தது. கரண்டி பிடித்தவள் அவளுடைய கதைக்குள் துணைப்பாத்திரம். எழுத்து கைவந்த பணியாளரின் குரலையே பணியாளர்களின் குரலாக நாம் எடுத்துக்கொண்டுவிடுகிறோம்.

மார்கோட் வோல்க் தன் 95ஆவது வயதில், 2012 டிசம்பரில்தான் பேசினார். ஓநாய்க் குகைக்கு அருகில் ஹிட்லரின் உணவில் நஞ்சிருக்கிறதா என்று தின்று காட்டும் பெண்களில் தானும் ஒருத்தி என்றார். பஞ்சகாலத்தில் முதல்தரக் காய்கறிகள், ஒவ்வொரு கவளத்திலும் சாவு. போரின் முடிவில் சோவியத் வீரர்கள் தன்னைப் பல நாட்கள் வல்லுறவு செய்ததையும் சொன்னார். அவருடைய கதைக்கு அவர் சொல்லைத் தவிர வேறு சான்றில்லை. ரோசெல்லா போஸ்டோரினோ இதை வைத்து எழுதிய இத்தாலிய நாவல் 2018இல் காம்பியெல்லோ விருது பெற்றது. யுங்கேயின் உழைப்பு அவருடைய காதுகளையும் புன்னகையையும் கேட்டதென்றால், வோல்க்கிடம் கேட்கப்பட்டது நேரடியாகக் குடல். அவரை உடந்தை என்பதா, பலி என்பதா? ஒரே உடலில் இரண்டும் நிகழ முடியும் என்பதை ஏற்காத எந்தக் கோட்பாடும் எனக்குப் பயன்படவில்லை. கிறிஸ்டினா டூர்மர்-ரோர் 1980களில் ஜெர்மன் பெண்ணியத்துக்குள் ‘உடந்தை’ என்ற கருத்தை வைத்தபோது பலர் கோபப்பட்டார்கள். ஆணாதிக்கம் பெண்ணை ஒடுக்குவதோடு நிற்பதில்லை, தன் காரியத்தில் பங்கேற்கவும் வைக்கிறது, அந்தப் பங்கைப் பெயர்சொல்லி அடையாளம் காணாமல் விடுதலை பேச முடியாது என்பதை நான் அவரிடமிருந்து எடுத்துக்கொள்கிறேன்.

வீட்டுப் பணியாளர்கள் என்றதும் நம் கண்ணில் படாத ஒரு பெருங்கூட்டம் இன்னும் இருக்கிறது. யுங்கே வேலையில் சேர்வதற்குச் சில மாதங்களுக்கு முன், 1942 செப்டம்பரில், கட்டாய உழைப்புக்கு ஆள்சேர்க்கும் பொறுப்பிலிருந்த ஃப்ரிட்ஸ் சௌக்கல் வழியாக ஹிட்லரின் ஆணை ஒன்று வந்தது. உக்ரைனிலிருந்து 15 முதல் 35 வயது வரையிலான 4 முதல் 5 லட்சம் பெண்களை ஜெர்மன் வீடுகளுக்கு வேலைக்காரிகளாகக் கொண்டுவர வேண்டும். அந்த எண்ணிக்கை முழுமையாக எட்டப்படவில்லை என்றாலும் ஆயிரக்கணக்கான பெண்கள் ரயிலேற்றப்பட்டார்கள். ‘கிழக்கு’ என்று பொருள்படும் எழுத்துகள் பொறித்த துணிப்பட்டையை உடையில் தைத்துக்கொண்டு, ஓய்வுநேரம் கேட்கும் உரிமைகூட இல்லாமல், கூன்ஸ் பேசுகிற அந்த இயல்பான வீடுகளில் அவர்கள் பாத்திரம் தேய்த்தார்கள், குழந்தை வளர்த்தார்கள். போர் முடிந்து ஊர் திரும்பியவர்களில் பலரை, எதிரிக்கு வேலை செய்தவர்கள் என்று அவர்களுடைய அரசே சந்தேகத்தோடு பார்த்தது.

தன் விருப்பத்தோடு வேலைக்கு வந்து, விடுப்பில் வீடு போய்த் திரும்பி வந்த செயலாளரை இளமையின் காரணமாக மன்னிக்கிறோம். அவரைவிட இளையவளாக இழுத்துவரப்பட்ட வேலைக்காரிக்கு முகம்கூட நாம் கொடுக்கவில்லை. யுங்கேயின் அப்பாவித்தனத்தைப் பற்றி இவ்வளவு அங்கலாய்ப்போடு எழுதப்பட்டதில் இனமும் வர்க்கமும் இருக்கின்றன.

*

வகுப்பில் இந்தப் படங்களைப் பற்றிப் பேசும்போது மாணவிகளிடமிருந்து தவறாமல் வருகிற கேள்வி ஒன்று உண்டு. “அந்தப் பொண்ணு வேற என்னதான் மேடம் செஞ்சிருக்க முடியும்?” அலட்சியமாகக் கேட்பதில்லை. தங்களை அந்த நாற்காலியில் வைத்துப் பார்த்துவிட்டுக் கேட்கிறார்கள்.

யுங்கே இதற்குச் சொன்ன விடை புகழ்பெற்றது. ‘வெள்ளை ரோஜா’ இயக்கத்தின் சோஃபி ஷோலுக்கான நினைவுப்பலகையை ம்யூனிக்கில் ஒருநாள் பார்த்தார். 1921இல் பிறந்தவள், தன் வயதுக்காரி. தான் ஹிட்லரிடம் வேலைக்குச் சேர்ந்த அந்தக் காலத்தில், 1943 பிப்ரவரி 22 அன்று, தலை வெட்டிக் கொல்லப்பட்டவள். இளமை ஒரு சாக்கு ஆகாது, தெரிந்துகொண்டிருக்க முடியும் என்று அன்றுதான் உணர்ந்ததாகச் சொல்கிறார். ‘டவுன்ஃபால்’ இந்த வாக்குமூலத்தை வெயிலுக்கும் மிதிவண்டிக்கும் பிறகு வைத்துக் கண்ணீரோடு முடித்துக்கொள்கிறது.

நேர்மையான விடைதான். ஆனால் அதில் ஒரு வசதி ஒளிந்திருக்கிறது. சோஃபி ஷோல் அல்லது நான் என்று கோடு போட்டுவிட்டால், தலையைக் கொடுக்கத் துணியாத நம் எல்லோருக்கும் விடுதலை கிடைத்துவிடும். தியாகியாக முடியாது, எனவே தட்டச்சு செய்வோம்.

அந்த இரண்டுக்கும் நடுவில் அதே 1943இல், அதே பெர்லினில் ஒரு தெரு இருந்தது. பிப்ரவரி 27 தொடங்கி பெர்லினில் எஞ்சியிருந்த யூதர்களைப் பெரும் எண்ணிக்கையில் பிடித்தார்கள். யூதரல்லாத பெண்களை மணந்திருந்த யூத ஆண்கள் சுமார் 2,000 பேரை ரோசன்ஸ்ட்ராஸ என்ற தெருவில் ஒரு கட்டடத்தில் அடைத்தார்கள். அவர்களுடைய மனைவிகள் அந்தத் தெருவில் வந்து நின்றார்கள். குளிரில், நாள்கணக்கில், கணவனைக் கொடு என்று கேட்டு நின்றார்கள். ஆண்களில் பெரும்பாலோர் விடுவிக்கப்பட்டார்கள். பெண்கள் நின்றதால்தான் விட்டார்களா என்பதில் ஆய்வாளர்களிடையே கருத்துவேறுபாடு இருக்கிறது. அவர்கள் நின்றார்கள் என்பதில் இல்லை. அவர்களில் கடைக்காரிகளும் அலுவலகப் பெண்களும் இருந்தார்கள். யாரும் சோஃபி ஷோல் இல்லை. மார்கரெத ஃபான் ட்ரோட்டா 2003இல், ‘டவுன்ஃபால்’ வருவதற்கு ஓராண்டு முன்பே, இதைப் படமாக்கினார். அதைத் தமிழில் எத்தனை பேர் பேசினோம்? பதுங்குகுழிக்குள் ஹிட்லர் கத்துகிற காட்சியின் நையாண்டி வசனங்களை மட்டும் கைப்பேசியில் மாற்றி மாற்றிப் பார்த்துச் சிரித்தோம்.

அதனால் மாணவிகளுக்கு நான் சொல்வது இதுதான். வேலையை மறுத்திருக்கலாம், விடுப்பில் போனவர் திரும்பாமல் இருந்திருக்கலாம், கணவரின் சாவுக்குப் பின் 1944இல் போய்விட்டிருக்கலாம், எக்ஸ்னர் நீக்கப்பட்டபோது ஏன் என்று ஒரு கேள்வி கேட்டிருக்கலாம். ஒவ்வொன்றுக்கும் ஒரு விலை இருந்தது. எதற்கும் தலை விலையில்லை.

*

1945 ஏப்ரல் 29 அதிகாலையில் ஹிட்லர் தன் இறுதி சாசனங்களைச் சொல்ல, யுங்கே சுருக்கெழுத்தில் எடுத்தார். இப்போதாவது இத்தனை அழிவுக்கும் காரணம் சொல்வான், அதை முதலில் கேட்பவள் தானாக இருப்போம் என்று எதிர்பார்த்ததாகச் சொல்கிறார். வந்தவை பழைய வாக்கியங்கள். எல்லாப் பழியும் யூதர்கள்மேல். அந்த வாக்கியங்களையும் பிழையில்லாமல் எடுத்தார். பக்கத்தில் கோயபல்ஸ் வந்து தன் பங்குக்கு ஒரு பின்னிணைப்பைச் சொல்ல, அதையும் எடுத்தார். மூன்று படிகள் தட்டச்சு செய்தார். மறுநாள் பிற்பகல் கோயபல்ஸின் குழந்தைகள் பசியோடிருப்பதைப் பார்த்து ரொட்டியில் வெண்ணெய் தடவிக் கொடுத்துக்கொண்டிருந்தபோது துப்பாக்கிச் சத்தம் கேட்டது. குறி தப்பவில்லை என்று அந்தச் சிறுவன் குதூகலித்தான்.

குழந்தைகளின் பசியை அந்த நேரத்திலும் கவனித்த பெண் அவர். அதை நான் சிறுமைப்படுத்த மாட்டேன். அதே கை முந்தைய நாள் தட்டச்சு செய்த காகிதத்தையும் மறக்க மாட்டேன். அவருடைய சாட்சியத்தின் மதிப்பு, கடைசியில் அவர் கேட்டுக்கொண்ட மன்னிப்பில் இல்லை. ஹென்ரியட்டா ஃபான் ஷிராக், எக்ஸ்னர், இறக்கிய ஜன்னல்திரை, வெண்ணெய் தடவிய ரொட்டி என்று தனக்கே எதிராகப் போகக்கூடிய காட்சிகளை அழிக்காமல் விட்டதில் இருக்கிறது. அதிகாரத்துக்கு அருகில் வேலை பார்த்த பெண்களின் நினைவுக்குறிப்புகளை வாசிக்கும்போது அவர்கள் தங்களைப் பற்றிச் சொல்கிற முடிவுகளைத் தள்ளிவைத்துவிட்டு, போகிறபோக்கில் சொல்லிச்செல்கிற அந்த அறைகளைப் பாருங்கள். அங்கே யார் பாத்திரம் கழுவினார்கள், யாருடைய பெயர் ஒருமுறைகூட வரவில்லை என்றும் பாருங்கள். உக்ரைனிலிருந்து வந்த அந்தப் பெண்கள் ஜெர்மன் வீடுகளில் கேட்ட பேச்சுகளை யாரும் சுருக்கெழுத்தில் எடுக்கவில்லை.